பகை இரண்டு, துணை தொலைவில்: 1939-இல் போலந்துக்கு நேர்ந்தது

கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகளோடு உட்கார்ந்து உலக வரலாறு பேசும்போதெல்லாம் ஓரிடத்தில் பேச்சு நின்றுவிடுகிறது. "போலந்துக்காகத்தானே சார் பிரிட்டனும் பிரான்சும் போரில் இறங்கின? அப்புறம் எப்படி சார் ஐந்தே வாரத்தில் போலந்தே இல்லாமல் போச்சு?" என்று யாராவது கேட்டுவிடுவார்கள். 1939 செப்டம்பர் 1 அன்று ஜெர்மனி தாக்கியது, செப்டம்பர் 3 அன்று பிரிட்டனும் பிரான்சும் போர் அறிவித்தன என்ற இரண்டு வரிகளைப் பாடப்புத்தகம் அடுத்தடுத்து அச்சிட்டுவிட்டு பெல்ஜியத்துக்கும் பிரான்சுக்கும் போய்விடுகிறது. அந்த இரண்டு வரிகளுக்கு நடுவே ஒரு நாட்டின் கதி இருக்கிறது. எந்த வாக்கு, எந்தச் சொற்களில், எந்தக் கணக்கோடு கொடுக்கப்பட்டது என்று பார்க்காமல் அந்த மாணவருக்குப் பதில் சொல்ல முடியாது.

போலந்தின் நிலையைச் சொல்ல நம்மிடம் ஒரு குறள் இருக்கிறது. "தன்துணை இன்றால் பகைஇரண்டால் தானொருவன் இன்துணையாக் கொள்கவற்றின் ஒன்று" என்று பகைத்திறம் தெரிதல் அதிகாரத்தில் வருவது. துணையில்லாமல் தனித்து நிற்பவனுக்குப் பகைவர் இருவர் என்றால், அவர்களில் ஒருவரை அவன் இனிய துணையாக்கிக்கொள்ள வேண்டும் என்பது அதன் பொருள். மேற்கே ஜெர்மனி, கிழக்கே ரஷ்யா என்று இரண்டு பெரும்பகைகளுக்கு நடுவே கிடந்த நாடு போலந்து. 1772, 1793, 1795 ஆகிய ஆண்டுகளில் ரஷ்யாவும் ஜெர்மானிய அரசான பிரஷ்யாவும், 1793 தவிர மற்ற இரு முறை ஆஸ்திரியாவும் சேர்ந்து, அதை மூன்று முறை பங்கிட்டு வரைபடத்திலிருந்தே நீக்கியிருந்தன. 123 ஆண்டுகள் கழித்து, 1918 நவம்பரில்தான் அது மறுபடியும் ஒரு நாடாக எழுந்தது. ஆகவே தலைநகர் வார்சாவில் ஆட்சி நடத்தியவர்களுக்கு வள்ளுவர் சொன்ன இக்கட்டு வயிற்றில் கட்டிய நெருப்பாகவே இருந்தது. 1932-இல் சோவியத் ஒன்றியத்தோடும் 1934 ஜனவரியில் ஹிட்லரின் ஜெர்மனியோடும் ஒருவரையொருவர் தாக்குவதில்லை என்று அவர்கள் உடன்பாடு செய்துகொண்டார்கள். இரு பகைகளையும் சம தூரத்தில் நிறுத்துவது வெளியுறவு அமைச்சர் யூசெஃப் பெக்கின் கொள்கையாக இருந்தது.

குறள் காட்டிய வழியில் போலந்து ஏன் போகவில்லை என்று கேட்கலாம். போக முடியவில்லை என்பதே என் கருத்து. 1938 அக்டோபரில் ஜெர்மன் வெளியுறவு அமைச்சர் ரிப்பன்ட்ராப் முன்வைத்த கோரிக்கைகளைப் பாருங்கள்: தனி நகர அரசாக இருந்த டான்சிக் துறைமுக நகரம் ஜெர்மனியோடு சேர வேண்டும், போலந்தைக் கடலோடு இணைத்த நிலப்பட்டையின் குறுக்கே ஜெர்மனியின் அதிகாரத்தில் ஒரு நெடுஞ்சாலையும் இருப்புப்பாதையும் ஓட வேண்டும். இவற்றை ஒப்புக்கொண்டிருந்தால் போலந்து ஜெர்மனியின் ஏவல் நாடாகியிருக்கும். மறுபக்கம், 1939 ஆகஸ்டில் பிரிட்டனும் பிரான்சும் மாஸ்கோவில் சோவியத் ஒன்றியத்தோடு படைக்கூட்டணி பேசியபோது, சோவியத் படையான செம்படை போலந்து மண்ணின் வழியாகக் கடந்துபோக அனுமதி உண்டா என்று சோவியத் மார்ஷல் வொரொஷிலோவ் கேட்டார். உள்ளே வந்த செம்படை திரும்பிப் போகாது என்று வார்சா அஞ்சி மறுத்தது. பின்னால் நடந்ததைப் பார்த்தவர்கள் அந்த அச்சத்தை வீண் என்று சொல்ல மாட்டார்கள். எந்தச் சுதந்திரத்தைக் காக்கத் துணை தேவைப்பட்டதோ, அந்தச் சுதந்திரத்தையே இரு பகைவரும் நட்புக்கு விலையாகக் கேட்டார்கள்.

போலந்தின் மீது ஒரு குற்றமும் இல்லை என்று இதற்குப் பொருளில்லை. 1938 அக்டோபரில், பிரிட்டனும் பிரான்சும் ஹிட்லருக்கு இணங்கிச் செய்த மியூனிக் உடன்பாட்டால் செக்கோஸ்லோவாக்கியா துண்டாடப்பட்ட நேரத்தில், டெஷன் பகுதியைப் போலந்தும் பறித்துக்கொண்டது. அண்டை வீடு எரியும்போது அதன் வேலியைப் பிடுங்கிய செயல் அது. 1939 மார்ச் 15 அன்று ஜெர்மன் படை பிராகுக்குள் நுழைந்து, ஸ்லோவாக்கியா ஜெர்மனியின் கைக்குள் போனதும், வடக்கு, மேற்கு, தெற்கு என்று மூன்று பக்கமும் போலந்து சுற்றிவளைக்கப்பட்டிருந்தது.

தொலைவிலிருந்த துணைகள் பேசத் தொடங்கியது இந்தக் கட்டத்தில்தான். பிரான்சோடு 1921 முதலே போலந்துக்குக் கூட்டணி உண்டு. 1939 மார்ச் 31 அன்று பிரிட்டிஷ் பிரதமர் சேம்பர்லின் நாடாளுமன்றத்தில் எழுந்து, போலந்தின் சுதந்திரத்துக்குத் தெளிவான அச்சுறுத்தல் எழுந்து, அதைத் தன் படையால் எதிர்ப்பது அவசியம் என்று போலந்து கருதினால், பிரிட்டன் தன்னால் இயன்ற எல்லா உதவியையும் உடனே அளிக்கும் என்று உறுதி சொன்னார். இந்த வாக்கியத்தை நான் மாணவர்களைச் சொல் சொல்லாகப் படிக்கச் சொல்வேன். அதில் 'சுதந்திரம்' என்ற சொல் இருக்கிறது, 'எல்லை' என்ற சொல் இல்லை. நாடு இருக்கும், ஆனால் எங்கே தொடங்கி எங்கே முடியும் என்பதற்கு உறுதி இல்லை. 'இயன்ற உதவி' என்கிறபோது, எது இயலும் என்று முடிவு செய்பவர் உதவி கொடுப்பவர்தான்.

ஆகஸ்ட் 25 அன்று கையெழுத்தான பிரிட்டன்–போலந்து உடன்படிக்கையில் சுருக்கு இன்னும் நுட்பமானது. ஏதேனும் 'ஓர் ஐரோப்பிய வல்லரசு' தாக்கினால் ஒருவருக்கொருவர் துணை நிற்பது என்று வெளிப்படையான வாசகம் சொன்னது. அதனோடு சேர்ந்த இரகசியப் பிற்சேர்க்கையோ, அந்தச் சொல் ஜெர்மனியை மட்டுமே குறிக்கும் என்றும், வேறொரு வல்லரசு தாக்கினால் இரு நாடுகளும் கலந்தாலோசிக்கும் என்றும் வரையறுத்தது. மூன்றே வாரத்தில் போலந்தின் கிழக்கு எல்லையில் இந்த வரிக்கு வேலை வந்தது.

பிரான்சின் வாக்கு இதைவிடத் திட்டவட்டமானது. மே 19 அன்று பாரிசில் போலந்துப் போர் அமைச்சர் கஸ்பிரிட்ஸ்கியும் பிரெஞ்சுத் தளபதி கமெலினும் கையெழுத்திட்ட படை உடன்பாட்டின்படி, ஜெர்மனி தன் முழு பலத்தோடு போலந்தைத் தாக்கினால், படைதிரட்டல் தொடங்கிய 15-ஆம் நாளில் பிரான்ஸ் தன் பெரும்படையோடு ஜெர்மனி மீது பாய வேண்டும். ஆனால் அதற்கு உயிர் கொடுக்க வேண்டிய அரசியல் உடன்பாடு கையெழுத்தானது செப்டம்பர் 4 அன்று. அப்போது போலந்தில் போர் மூண்டு நான்காம் நாள். அதற்கும் முன்பே, அந்த வசந்த காலத்தில், பிரிட்டிஷ், பிரெஞ்சுத் தளபதிகள் தமக்குள் பேசி ஒரு முடிவுக்கு வந்திருந்தார்கள்: போலந்தின் கதியைத் தீர்மானிக்கப்போவது போரின் இறுதி முடிவுதான், தொடக்கத்தில் அதன் மீதான நெருக்கடியைக் குறைக்க முடியுமா என்பது அல்ல. சுருங்கச் சொன்னால், முதலில் போலந்து விழும், பிறகு நாம் வெல்வோம், அதன்பின் அதை எழுப்புவோம் என்ற கணக்கு. அது போர்க்கலையில் பிழையான கணக்காக இல்லாமலும் இருக்கலாம். எனக்கு ஆறாத கோபம், அந்தக் கணக்கை வார்சாவிடம் சொல்லவில்லை என்பதில்தான். 15 நாள் தாக்குப்பிடித்தால் மேற்கில் கதவு திறக்கும் என்று நம்பி ஒரு நாடு தன் போர்த்திட்டத்தையே வகுத்துக்கொண்டது.

கடன் விஷயத்திலும் இதே போக்குதான். ஆயுதம் வாங்கச் சுமார் 6 கோடி பவுண்டு கேட்ட போலந்துக்குப் பிரிட்டன் ஒப்புக்கொண்டது சுமார் 80 லட்சம் பவுண்டு ஏற்றுமதிக் கடன். மறுபக்கம், கேட்காமலே போலந்து கொடுத்த ஒன்றைச் சொல்லியாக வேண்டும். 1939 ஜூலை இறுதியில், வார்சாவுக்குத் தெற்கே பைரி காட்டிலிருந்த மறைவிடத்துக்குப் பிரிட்டிஷ், பிரெஞ்சு உளவுத்துறையினரை அழைத்து, ஜெர்மனியின் எனிக்மா மறைகுறிப் பொறியைத் தாங்கள் எப்படி உடைத்தோம் என்பதை போலந்தினர் விளக்கினார்கள். மரியன் ரெயெவ்ஸ்கி, யெர்சி ருஷிட்ஸ்கி, ஹென்றிக் ஜிகால்ஸ்கி என்ற மூன்று இளம் கணித அறிஞர்களின் உழைப்பு அது. இரு நாடுகளுக்கும் பொறியின் நகல் ஒவ்வொன்று தரப்பட்டது. பிற்காலத்தில் பிரிட்டன் பிளெட்ச்லி பார்க்கில் கட்டி எழுப்பிய பெரும் மறைகுறி உடைப்பு வேலைக்கு அடித்தளம் இதுதான். அந்தக் கூட்டணியில் எளிய பங்காளி செலுத்திய பங்கு, வலிய பங்காளிகள் அந்த ஆண்டில் செலுத்தியதைவிடப் பெரிது.

கூட்டணி ஒன்றுமே செய்யவில்லை என்றும் சொல்லிவிட முடியாது. ஆகஸ்ட் 26 விடியலில் தாக்க ஹிட்லர் ஆணையிட்டிருந்தார். 25 அன்று லண்டனில் உடன்படிக்கை கையெழுத்தான செய்தியும், தன் எஃகு ஒப்பந்தக் கூட்டாளியான முசோலினி போருக்கு ஆயத்தமில்லை என்று கைவிரித்த செய்தியும் ஒரே நாளில் வந்து சேர, தாக்குதலை அவர் தள்ளிவைத்தார். ஒரு காகிதத்துக்கு ஆறு நாள் வலு இருந்தது. ஆனால் ஆகஸ்ட் 23 இரவிலேயே மாஸ்கோவில் சோவியத் வெளியுறவு அமைச்சர் மொலட்டோவும் ரிப்பன்ட்ராப்பும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தின் இரகசியப் பகுதி, நரேவ், விஸ்துலா, சான் ஆறுகளின் வழியே போலந்தை இரண்டாகப் பிரித்துவிட்டது. குறள் சொன்னது தலைகீழாக நடந்தது: பகைவர் இருவரும் ஒருவரையொருவர் துணையாக்கிக்கொண்டார்கள்.

கூட்டணியால் போலந்துக்கு நேர்ந்த இழப்பும் உண்டு. இதைப் பலர் கவனிப்பதில்லை. படையியல் அறிவு மட்டும் பேசியிருந்தால், போலந்துப் படை எல்லையை விட்டு விஸ்துலா ஆற்றுக்குப் பின்னால் போய் நின்றிருக்க வேண்டும். ஆனால் தொழிற்சாலைகள் நிறைந்த பகுதிகள் மேற்கில் இருந்தன. டான்சிக்கையும் நிலப்பட்டையையும் சண்டையின்றி விட்டால், கிடைத்தவரை போதும் என்று ஹிட்லர் நின்றுகொள்ள, நண்பர்கள் இன்னொரு மியூனிக்கைத் திணித்துவிடுவார்களோ என்ற அச்சமும் இருந்தது. ஆகவே நீண்ட எல்லை முழுவதும் படை மெல்லிய நூலாக இழுத்துக் கட்டப்பட்டது. ஆகஸ்ட் 29 அன்று அறிவித்த பொதுப் படைதிரட்டலை, ஹிட்லரைச் சீண்டுவதாகிவிடும் என்று பிரிட்டனும் பிரான்சும் வற்புறுத்தியதால் போலந்து திரும்பப் பெற்று, மறுநாள்தான் மீண்டும் அறிவித்தது. அணிதிரளும் வழியிலேயே பல படைப்பிரிவுகள் குண்டுவீச்சில் சிக்கின.

செப்டம்பர் 1 அதிகாலை ஐந்து மணிக்குச் சற்று முன்பு, நல்லெண்ணப் பயணமாக டான்சிக் துறைமுகத்துக்கு வந்து நின்றிருந்த ஷ்லெஸ்விக்-ஹோல்ஸ்டைன் என்ற பழைய போர்க்கப்பல், வெஸ்டர்பிளாட்டே என்ற சிறு காவல்தளத்தின் மீது பீரங்கி சுட்டது. இருநூறு பேர் அளவிலான அந்தக் காவலர்கள் ஏழு நாள் தாக்குப்பிடித்தார்கள். செப்டம்பர் 9 முதல் புஸுரா ஆற்றங்கரையில் போலந்துப் படை திரும்பித் தாக்கி ஜெர்மானியரைச் சில நாள் திணறடித்தது. குதிரை மேல் ஈட்டியோடு டாங்கியை மோதிய மூடர்கள் என்று இன்றும் பரப்பப்படும் கதை நாஜிப் பிரசாரத்தின் எச்சம்.

மேற்கில் என்ன நடந்தது? செப்டம்பர் 7 முதல் பிரெஞ்சுப் படை ஜெர்மனியின் சார் (Saar) பகுதியில் எட்டு கிலோமீட்டர் போல முன்னேறிச் சில வெற்றுக் கிராமங்களைப் பிடித்தது. 12 அன்று அப்வில் நகரில் கூடிய பிரிட்டிஷ்–பிரெஞ்சு உச்சப் போர்க்குழு, பெரிய தாக்குதல் வேண்டாம் என்று முடிவெடுத்தது. பிரிட்டிஷ் விமானங்கள் ஜெர்மனி மீது துண்டறிக்கைகளைப் போட்டன. போலந்துத் தலைமைக்கு இந்த முடிவு தெரிவிக்கப்படவில்லை. போருக்குப் பின் நியூரம்பெர்க் விசாரணையில் ஜெர்மன் தளபதி யோடல், 1939-இல் தாங்கள் நொறுங்காமல் தப்பியதற்குக் காரணம் மேற்கில் சுமார் 110 பிரெஞ்சு, பிரிட்டிஷ் டிவிஷன்கள் வெறும் 23 ஜெர்மன் டிவிஷன்களுக்கு எதிரே அசையாமல் நின்றதுதான் என்றார். தோற்றவரின் வாக்குமூலம் என்பதால் எண்களைச் சற்றுத் தள்ளி வைத்துப் பார்த்தாலும், கதவு திறக்கப்படவில்லை என்ற உண்மை மாறாது.

செப்டம்பர் 17 விடியலில் செம்படை கிழக்கிலிருந்து நுழைந்தது. போலந்து அரசே இல்லாமல் போய்விட்டதால் அங்குள்ள உக்ரைனியரையும் பெலாரூசியரையும் காக்க வருகிறோம் என்று மாஸ்கோ சொன்னது. பிரிட்டனின் இரகசியப் பிற்சேர்க்கை அப்போது தன் வேலையைச் செய்தது. சோவியத் ஒன்றியத்தின் மீது லண்டன் போர் அறிவிக்கவில்லை. ருமேனியாவோடும் போலந்துக்கு 1921 முதல் கூட்டணி உண்டு, அதுவும் சோவியத் தாக்குதலுக்கு எதிராகவே. ஆனால் அந்தக் கூட்டணியை போலந்து வலியுறுத்தவில்லை. ருமேனியா நடுநிலையில் நின்றால்தான் தப்பிச் செல்ல ஒரு வழி திறந்திருக்கும். அன்றிரவு குடியரசுத் தலைவரும் அமைச்சர்களும் எல்லை கடந்தார்கள். ஜெர்மனியின் நெருக்குதலால் ருமேனியா அவர்களைக் காவலில் வைத்தது. வார்சா செப்டம்பர் 28 அன்று பணிந்தது. கொட்ஸ்க் அருகே ஜெனரல் கிளேபெர்க்கின் கடைசிப் படை அக்டோபர் 6 அன்று ஆயுதத்தைக் கீழே வைத்தது.

வார்சா பணிந்த அதே நாளில் மாஸ்கோவில் இரண்டாம் ஒப்பந்தம் தயாரானது. அதோடு இணைத்த வரைபடம் இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. அதில் பங்குக் கோட்டின் அருகே ஸ்டாலின் நீலப் பென்சிலால் அகலமாகக் கையெழுத்திட்டிருக்கிறார். ரிப்பன்ட்ராப்பின் கையெழுத்து சிவப்பில் இருக்கிறது. கோடு பூக் ஆற்றுக்கு நகர்ந்திருந்தது. பரப்பில் பாதிக்கும் சற்று அதிகம் சோவியத் பக்கம், மக்கள் தொகையில் பெரும்பங்கு ஜெர்மன் பக்கம். எந்த ஊர்க்காரரையும் யாரும் கேட்கவில்லை.

இந்தச் செய்திகள் சென்னைக்கு வந்த விதத்தையும் சொல்ல வேண்டும். போலந்தின் சுதந்திரத்துக்காக நடக்கும் போர் என்று சொல்லி, வைஸ்ராய் லின்லித்கோ இந்தியத் தலைவர்கள் ஒருவரையும் கேட்காமல் செப்டம்பர் 3 அன்று இந்தியாவையும் போரில் சேர்த்தார். அதை எதிர்த்துக் காங்கிரஸ் மாகாண அமைச்சரவைகள் விலகின. புனித ஜார்ஜ் கோட்டையில் ராஜாஜியின் அமைச்சரவையும் அக்டோபர் இறுதியில் பதவி துறந்தது. அடிமைப்பட்ட நாட்டைக் கேட்காமலே இன்னொரு நாட்டின் விடுதலைக்காகப் போரில் இறக்கினார்கள் என்ற முரண் அன்றைய சென்னைக்குப் புரியாமல் இருந்திருக்க முடியாது.

ஆக்கிரமிப்பு இரு பக்கமும் ஒரே நோக்கத்தோடு நடந்தது: நாட்டைச் சிந்திக்கத் தெரிந்தவர்களிடமிருந்து பிரித்துவிடுவது. ஜெர்மனி மேற்குப் பகுதியைத் தன்னோடு இணைத்துக்கொண்டு, மிச்சத்தைக் கிராகூவ் நகரின் வாவெல் அரண்மனையிலிருந்து ஹன்ஸ் ஃபிராங்க் ஆளும் நிலமாக்கியது. நவம்பர் 6 அன்று அந்நகரின் பழம்பெரும் பல்கலைக்கழகத்தில் உரை கேட்க அழைக்கப்பட்ட 180-க்கும் மேற்பட்ட பேராசிரியர்களும் ஊழியர்களும் அங்கேயே கைது செய்யப்பட்டு வதை முகாமுக்கு அனுப்பப்பட்டார்கள். 1940 மே மாதம் நாஜி எஸ்.எஸ். படைத்தலைவர் ஹிம்லர் எழுதிய குறிப்பின்படி, கிழக்கத்திய மக்களின் குழந்தைகளுக்கு நான்கு வகுப்புப் பள்ளி போதும். 500 வரை எண்ணவும், தன் பெயரை எழுதவும், ஜெர்மானியருக்குக் கீழ்ப்படியவும் தெரிந்தால் போதும். தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் முன் இதைச் சொல்லும்போது மேசை அமைதியாகிவிடும். சோவியத் பக்கம், 1940 மார்ச் 5 அன்று மாஸ்கோ எடுத்த முடிவால், பிடிபட்ட படை அதிகாரிகள், காவல்துறையினர், ஆசிரியர்கள், மருத்துவர்கள் எனச் சுமார் 22,000 பேர் காதின் காட்டிலும் பிற இடங்களிலும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். லட்சக்கணக்கான மக்கள் குடும்பம் குடும்பமாகச் சரக்கு ரயிலில் சைபீரியாவுக்கும் கஜகஸ்தானுக்கும் அனுப்பப்பட்டார்கள். போர் முடிந்தபோது போலந்துக் குடிமக்களில் ஏறத்தாழ 60 லட்சம் பேர் உயிரிழந்திருந்தார்கள்; அவர்களில் பாதிப் பேர் யூதர்கள்.

ஆனால் போலந்து சரணடையவில்லை. தளபதிகள் நகரங்களை ஒப்படைத்தார்கள். அரசு ஒருபோதும் கையெழுத்திடவில்லை. தன்னால் பணியாற்ற முடியாது போனால் அடுத்தவரை நியமிக்கும் உரிமையை 1935 அரசியல் சட்டம் குடியரசுத் தலைவருக்கு அளித்திருந்தது. ருமேனியக் காவலிலிருந்த குடியரசுத் தலைவர் மொஷ்சிட்ஸ்கி அந்தப் பிரிவைப் பயன்படுத்தி, பாரிசிலிருந்த ரச்கியெவிச்சிடம் பதவியை ஒப்படைத்தார். ஜெனரல் சிகோர்ஸ்கி பிரதமரானார். நிலம் இல்லாமலே ஓர் அரசு சட்டப்படி தொடர்ந்தது. 1940-இல் பிரான்ஸ் விழுந்ததும் அது லண்டனுக்குப் போனது. அந்த ஆண்டு பிரிட்டனின் வானத்தைக் காத்தவர்களில் 145 போலந்து விமானிகள் இருந்தார்கள். கூட்டணியின் கடனை இம்முறையும் எளியவனே அடைத்தான்.

1941 ஜூனில் ஹிட்லர் ரஷ்யா மீது பாய்ந்ததும் கணக்கு மாறியது. சைபீரியாவிலிருந்து விடுவிக்கப்பட்டவர்களில் ஒரு பகுதியினர் ஈரான் வழியாக இந்தியா வந்தார்கள். ஜாம்நகர் அருகே பாலாசடியில் அனாதைக் குழந்தைகளும், கோலாப்பூர் அருகே வலிவடேயில் சுமார் ஐயாயிரம் பேரும் தங்கினார்கள். அடையாற்றுப் பிரம்மஞான சபையின் ஈர்ப்பால் 1935-இல் இந்தியா வந்து, உமாதேவி என்று அழைக்கப்பட்ட வாண்டா டினோவ்ஸ்கா அந்தப் பிள்ளைகளுக்காக உழைத்தவர். போலந்தில் போலிஷ் நூல்கள் அழிக்கப்பட்டுக்கொண்டிருந்த காலத்தில், சென்னையிலிருந்து போலிஷ்–இந்திய நூல்வரிசையை வெளியிட்டார். திருக்குறளைப் போலிஷ் மொழிக்குக் கொண்டுசென்றவரும் அவரே. பகை இரண்டைப் பற்றிய அந்தக் குறளை, இரு பகையால் நாடு இழந்தவர் தன் மொழியில் எழுதியபோது என்ன நினைத்திருப்பார் என்று எண்ணாமல் இருக்க முடியவில்லை.

சோவியத் ஒன்றியம் பிரிட்டனுக்குக் கூட்டாளியானதும், போலந்தின் கிழக்கு எல்லை பெரிய கூட்டணிக்குக் கொடுக்கும் சில்லறை விலையாகிவிட்டது. 1943 இறுதியில் டெஹ்ரானில் அந்த எல்லையை சர்ச்சில் ஸ்டாலினுக்கு ஒப்புக்கொடுத்தபோது லண்டனிலிருந்த போலந்து அரசை யாரும் கேட்கவில்லை. மார்ச் 31 உறுதிமொழியில் இல்லாத 'எல்லை' என்ற சொல் இங்கே நினைவுக்கு வர வேண்டும். 1944 ஆகஸ்டில் ஜெர்மானியரை எதிர்த்து எழுந்த வார்சா 63 நாள் போராடி மண்ணோடு மண்ணாக்கப்பட்டது. செம்படை விஸ்துலாவின் மறுகரையில் இருந்தது. 1945 பிப்ரவரியில் ரூஸ்வெல்ட், சர்ச்சில், ஸ்டாலின் மூவரும் கூடிய யால்டா மாநாடு. ஜூலை 5 அன்று பிரிட்டனும் அமெரிக்காவும் லண்டன் அரசுக்கான அங்கீகாரத்தை விலக்கி, மாஸ்கோவின் ஆதரவில் வார்சாவில் அமைந்த அரசை ஏற்றன.

அங்கீகாரம் போன பிறகும் லண்டனில் அந்த அரசு கலையவில்லை. தலைவர் இறந்தால் அடுத்தவர் பதவியேற்றார். முத்திரையும் கொடியும் 1935 அரசியல் சட்டத்தின் மூலப்படியும் அங்கே காக்கப்பட்டன. 1989 டிசம்பரில் சோவியத் மக்கள் பிரதிநிதிகள் பேரவை இரகசிய ஒப்பந்தம் இருந்ததை ஒப்புக்கொண்டது. 1990 ஏப்ரலில் காதின் கொலைகள் தங்கள் செயலே என்று மாஸ்கோ சொன்னது. அந்த ஆண்டு டிசம்பர் 22 அன்று, லண்டன் அரசின் கடைசித் தலைவர் ரிஷார்ட் கச்சரொவ்ஸ்கி வார்சாவுக்கு வந்து, மக்கள் வாக்கால் தேர்வான லேக் வவேன்சாவின் கையில் அந்தச் சின்னங்களை ஒப்படைத்தார்.